வெர்னருக்குத் திருப்பி அனுப்பாத ஒலிநாடா

3 மார்ச் 2025, திங்கட்கிழமை, காலை 6.40
எண் 1: ஜெர்மனியிலிருந்து மின்னஞ்சல்

மெல்லிய தூறல். இரத்த அழுத்தம் 148/86. குளிசை எடுத்தாயிற்று.

வெர்னரின் மகள் அன்யா எழுதியிருக்கிறார். தந்தையின் தொழில் வாழ்க்கையைப் பட்டியலிடுகிறாராம்: இசையமைத்த திரைப்படங்கள், துப்பறியும் தொடர்கள், நடித்த சிறு வேடங்கள் (மதுக்கடைக்காரர், பாதிரியார், இருமுறை பிணம்). ஒன்று மட்டும் அகப்படவில்லை. அவரே இசையமைத்துக் கதாநாயகனாகவும் நடித்த ஒரே தொலைக்காட்சி நாடகம். ஒளிபரப்பாமலே அழித்துவிட்டார்கள். இசைப்பதிவாவது எவரிடமேனும் உண்டா? “இறக்கும்வரை அப்பா அதையே தேடிக்கொண்டிருந்தார்.”

உண்டு. என் கராஜில், மூன்றாம் பெட்டியில்.

அந்நாளில் கொலோனில் அவருடைய ஒலிப்பதிவு அறையில் நாடாக்களைப் படியெடுப்பது என் வேலை. படியெடுக்கத் தந்த மூலநாடா, நான் மெல்பேர்னுக்குப் புறப்பட்டபோது என் சாமான்களோடு வந்துவிட்டது. அது தவறுதல். பின் நடந்தவை தவறுதல் அல்ல.

1994: இங்கு எங்கள் தமிழ் வானொலி தொடங்கியபோது முகப்பு இசை இல்லை. அந்நாடாவின் முதல் 28 விநாடிகளைக் கொடுத்தேன். “ஆர் போட்டது?” என்று கேட்டார்கள். சிரித்தேன். சிரிப்பைப் பதிலாக எடுத்துக்கொண்டார்கள். மனைவி பு.வும்.

1996: நாடாவைக் கேட்டு வெர்னர் கடிதம். 2 செப்டெம்பரில் பதில் எழுதினேன்: “என்னிடம் இல்லை.” கார்பன் படி கோப்பில் உள்ளது. எல்லாவற்றுக்கும் படி வைப்பவன் நான்.

6 மார்ச், வியாழன், மாலை 4.15
எண் 2: தொலைபேசி

வெயில். தக்காளி மூன்று பழுத்தன.

வானொலியை இப்போது நடத்தும் துளசி அழைத்தாள். சனிக்கிழமை வானொலி விழாவில், முகப்பு இசைக்காக எனக்குப் பொன்னாடை.

“அங்கிள், ஸ்பீச் ரண்டு மினிட்ஸ்தான். போன முறை ஒராள் கந்தபுராணமே படிச்சவர்.”

அந்த இசை என்னுடையதல்ல என்று சொல்லிவிட்டேன்.

“அந்த நேரம் எல்லாரும் அப்பிடித்தானே எடுத்தவை, அங்கிள். ஆரும் கேக்க மாட்டினம்.”

“அவர் கேட்டவர், பிள்ளை.”

“அப்ப ஸ்டேஜில நீங்களே சொல்லுங்கோ. நான் குறுக்க வரமாட்டன்.”

9 மார்ச், ஞாயிறு, காலை 5.50
எண் 3: நேற்றைய விழா

கிளென் வேவர்லி மண்டபம். வெக்கை. 28 விநாடி இசை ஒலித்தது. எழுந்து நின்று கைதட்டினார்கள். பு. பின்வரிசைக்குத் திரும்பி, “என்ர மனுசன் போட்டது,” என்றது மேடைக்கே கேட்டது. துளசி ஒலிவாங்கியைத் தந்து என் முகத்தையே பார்த்தாள்.

இரண்டு நிமிடம் தந்தார்கள். ஒரு சொல் சொன்னேன்: நன்றி.

திரும்பும் வழியில், காரில், பு.விடம் முழுவதும் சொன்னேன்.

“ஏன் எனக்கு முதலே சொல்லேல்லை?”

“நீர் சந்தோசமாய் இருந்தனீர்.”

“என்னில பழியைப் போடாதேங்கோ.”

பொன்னாடை இன்னும் காரின் பின் சீற்றில்.

10 மார்ச், திங்கள், காலை 9.20
எண் 4: தபாலகம்

நாடாவைப் பொதிசெய்து போனேன். பூட்டு. தொழிலாளர் தின விடுமுறை. மறந்துவிட்டேன் என்று எழுதினால் அதுவும் பொய்.

பு. குசினியிலிருந்து, இரண்டு நாளில் முதற் பேச்சு: “நாளைக்கு நானும் வாறன். தனிய விட்டா திருப்பிக் கொண்டந்திடுவியள்.”

11 மார்ச், செவ்வாய், காலை 8.35
எண் 5: அன்யாவுக்கான கடிதம்

மேகம். பு. செருப்புப் போட்டுக்கொண்டு வாசலில் நிற்கிறாள். கடிதத்தோடு இணைப்பவை:

1. மூலநாடா, ஒன்று. உறையில் வெர்னரின் கையெழுத்து.
2. வானொலிக்கு நேற்று அனுப்பிய திருத்தம், பிரதி. ஞாயிறு நிகழ்ச்சியின் தொடக்கத்தில் வாசிக்க துளசி சம்மதம்.
3. விழா மலரின் 14ஆம் பக்கம். முகப்பு இசைக்கு நேரே இருந்த என் பெயர் வெட்டப்பட்டுள்ளது, வெட்டியது பு.
4. 2.9.1996 அன்று அவருடைய தந்தைக்கு நான் எழுதிய பதிலின் கார்பன் படி.