ஏழு மணிப் பூசை, ஒன்பது மணிப் பூசை

ஒக்டோபர் 8, புதன்
மாலை மழை. நனைந்த சப்பாத்துக்குள் பத்திரிகைத் தாள்.

டவுன் இரண்டாகி ஒன்பது நாள். தோட்டத்து ஆட்கள் வீடு கட்டக் காணி கேட்டதில் தொடங்கியது. கொடுக்காதே என்று சிங்கள ஊர்வலம், கொடு என்று எங்களுடையது. மாத்தளையில் இப்போது ஆட்டோ நிறுத்தம்கூட இரண்டு.

சேர்ச் பாடகர் குழுவில் என்னோடு பாடும் தில்ஹானியிடமிருந்து பதில் இல்லை. மூன்று மெசேஜ், மூன்றுக்கும் நீல டிக். அவள் அண்ணன் சிங்கள ஊர்வலத்தில் பதாகை பிடித்தவன். என் மாமா எங்களுடையதில்.

ஒக்டோபர் 10, வெள்ளி
சேர்ச்சில் அறிவித்தல். கலப்புப் பாடகர் குழு இனி இல்லை. ஞாயிறு ஏழுக்குச் சிங்களப் பூசை, ஒன்பதுக்குத் தமிழ். அவரவர் குழு.

நான்கு வருடம் நானும் தில்ஹானியும் சேர்ந்து பாடினோம். தமிழ்ப் பாட்டுகளைச் சிங்கள எழுத்தில் அவளுக்கு எழுதிக் கொடுத்தேன், ஒரு கொப்பி நிறைய. அவள் எந்தச் சொல்லுக்குப் பிறகு மூச்சு எடுப்பாள் என்று தெரியும். வேறு யாரைப் பற்றியும் எனக்கு இவ்வளவு தெரியாது.

ஒக்டோபர் 11, சனி
அம்மாவின் பிரஷர் குளிசை. ஃபோனுக்கு ரீலோட். சேர்ட் ஸ்திரி.
ஏழுக்குப் போவதா?

அம்மா: "அங்க போய் உக்காந்தா தெரு பூரா பேசுவாங்க. ஒன்பதுக்குப் போடா. சாமி ஒண்ணுதானே."
"ஒண்ணுன்னா ஏழுக்குப் போனா என்ன?"
"வாய் மட்டும் நல்லா கெம்பஸ் போய்ப் படிச்சிருக்கு."

ஒக்டோபர் 12, ஞாயிறு
ஏழு மணிப் பூசை. கடைசி வாங்கில் உட்கார்ந்தேன். அவள் வரவில்லை. ஒருவருக்கொருவர் சமாதானம் சொல்லும் நேரத்தில் பக்கத்திலிருந்தவர் கைகூப்பினார், முகம் பாராமல்.

வெளியே வாசலில் நின்றேன். வீட்டுக்குப் போக மனமில்லை.

ஒன்பதுக்கு ஐந்து நிமிடம். ஆட்டோவிலிருந்து தில்ஹானி. தனியாக. கையில் கொப்பி.

"ஏழுக்கா போனீங்க? பைத்தியமா?" அவளுடைய தமிழ். "ஃபோன் அண்ணாகிட்ட. நீங்க இங்கதான் பாடுவீங்கன்னு வந்தேன்."

தமிழ்க் குழு நடத்தும் பெனடிக்ட் அண்ணன் படியிலேயே மறித்தார். அவளிடம் சிங்களத்தில், மரியாதையாகவே: இன்றைக்குக் குழுவில் பாட வேண்டாம், தங்கச்சி. என்னிடம் தமிழில்: "காலையில அவங்களோட உக்காந்தியாமே? அங்கயே பாடு, தம்பி."

உள்ளே பெண்கள் இடப்பக்கம், ஆண்கள் வலப்பக்கம். அவள் முன்னால் போய் உட்கார்ந்தாள். எனக்கு மறுபடியும் கடைசி வாங்கு.

நற்கருணைப் பாட்டு. குழு தொடங்கி இரண்டாம் அடி. பெண்கள் பக்கத்திலிருந்து அவள் குரல். தலைகள் திரும்பின. பெனடிக்ட் அண்ணனும் திரும்பினார், கீபோர்டிலிருந்து கையை எடுக்காமல்.

எழுந்தேன். இரண்டாம் குரல் எடுத்தேன்.

எங்களுக்கு நடுவில் எட்டு வரிசை.