எட்டரை மணி அழுகை

10.6.2002, திங்கள்

தம்பி பிரிட்டோ இசையமைக்கும் முதல் தொடர் இன்று தொடங்கியது. பத்து வருடம் சென்னையில் யார் யாருக்கோ கீபோர்டு வாசித்தவன். அம்மா எட்டு மணிக்கே நாற்காலியை டிவி முன் இழுத்துப் போட்டாள். நான் பாடக்குறிப்பு எழுதுவதாகப் பேர். அவன் பெயர் ஓடியபோது நிமிர்ந்து பார்த்தேன். மகிழ்ச்சிதான்.

13.6.2002

கதாநாயகியின் கணவன் செத்துவிட்டான். நான்காவது நாளே! பின்னணியில் ஒரு பெண்ணின் அழுகுரல். சொல் இல்லை, ராகம் மட்டும். மூச்சு அறுந்து மறுபடி மேலே ஏறிய இடத்தில் என் பேனா நின்றுவிட்டது.

அது அம்மா.

போன வருடம் மேட்டுப்பட்டிக் கல்லறையில் அப்பாவின் பெட்டியை மூடும்போது அழுதது, அப்படியே. அன்று பிரிட்டோ டேப்ரிக்கார்டரோடு நின்றான். சாமியாரின் ஜெபத்தைப் பதிவதாகச் சொன்னான். எதையும் எளிதில் நம்பாத நான் அதை நம்பினேன்.

அம்மா அசையாமல் பார்த்துக்கொண்டிருந்தாள். தெரியவில்லையா? சொந்தக் குரல் யாருக்குத்தான் தெரியும்?

14.6.2002

தூக்கமில்லை. காலையில் டெலிபோன் பூத்திலிருந்து அவனைக் கூப்பிட்டேன்.

"அக்கா, நான் சொல்றதை—"

"அப்பா சாவை வித்தாடா பொழைக்கிற? கூசல?"

"அந்தக் குரலுக்காகத்தான் டைரக்டர் அடுத்த நாடகமும் தாரேன்னிருக்காருக்கா."

"அந்தக் குரலை எடுக்கலைன்னா இந்த வீட்டுப் பக்கமே வராத."



"சரிக்கா."

20.6.2002

எடுத்துவிட்டான். அந்த இடத்தில் வயலின்.

21.6.2002

இன்றும் வயலின். அம்மா திரும்பினாள்.

"ஏன்டி, என் குரலை எதுக்கு எடுத்துட்டான்?"

தெரிந்தேதான் பார்த்தாளா! அப்பா அடக்கத்தில் அவன் திருட்டுத்தனமாகப் பதிவு செய்தது என்று ஆரம்பித்தேன்.

"அதில்லடி. மார்ச்சுல மெட்ராஸ் போனேன்ல, அப்ப ஸ்டுடியோவுல பாடுனது. நீ ஏசுவேன்னு நான்தான் சொல்லாதடான்னேன்."

"நடிச்சியாம்மா?"

"நடிச்சதெல்லாம் அடக்கத்தன்னைக்கு. அம்புட்டுச் சனம் பாக்குதே, அழுகலைன்னா என்ன நெனைக்கும்? அந்த ரூமுல ஒருத்தரும் இல்ல. லைட்ட அமத்திட்டு அவனும் வெளிய போயிட்டான். அங்கனதான்டி உங்கப்பாவுக்கு அழுதேன்."

ஐம்பதை நெருங்குகிறேன். இயற்பியல் பேராசிரியை. இத்தனை நாள் எந்த அழுகையைக் காப்பாற்றினேன்?

22.6.2002

பிரிட்டோவைக் கூப்பிட்டு மறுபடி போடச் சொன்னேன். டைரக்டர் கோபத்தில் இருக்கிறாராம், வேறு ஆளைப் பார்க்கிறாராம். "கேட்டுப் பாக்குறேன்க்கா," என்றான். அன்றைக்கே ஏன்டா சொல்லவில்லை என்று கேட்க வாயெடுத்தேன். அவன் சொல்லத்தானே வந்தான்.

27.6.2002

குரல் வந்தது. அம்மா முந்தானையை வாயில் வைத்தாள். நான் எழுந்து விளக்கை அணைத்தேன். வெளியே வந்து கதவைச் சாத்திக்கொண்டேன்.