எறும்பு பார்க்கும் வேலை

7-2-1971, ஞாயிறு

என் மூத்திரத்தின் நிறம் இன்று பிள்ளையார்பாளையம் முழுக்கத் தெரிந்துவிட்டது.

டாக்டர் கலியாணசுந்தரத்தின் கிளினிக்கில் நல்ல கூட்டம். கம்பவுண்டர் அந்தோணி அந்த நீல மருந்தில் நான் கொடுத்ததைச் சொட்டு விட்டு, விளக்கில் காய்ச்சி, கண்ணாடிக் குழாயை வெளிச்சத்துக்கு நேரே தூக்கிப் பிடித்தான். உள்ளே இருக்கும் டாக்டருக்குக் கேட்கவேண்டுமாம், கத்தினான்: "மளிகைக் கடை நைனாரு — செங்கல், சார்!"

பெஞ்சில் இருந்தவர்கள் அத்தனை பேரும் தறிக்காரர்கள். நிறம் என்று வந்துவிட்டால் விடுவார்களா?

"எங்கபா செங்கல்? அது அரக்கு."

"அரக்குல ஒரு துளி மஞ்சள் விழுந்துக்குது."

எங்கள் எதிர்வீட்டு அம்சவேணி எழுந்து வந்தே பார்த்தாள். "இதே கலர்ல போன மாசம் ஒரு சேலை நெய்து தறியிலிருந்து அறுத்தோம் நைனாரே. நல்லாத்தான் போச்சி."

சர்க்கரை இல்லாவிட்டால் அந்த மருந்து நீலமாகவே இருக்குமாம். இருந்தால் பச்சை, மஞ்சள், ஆரஞ்சு என்று ஏறும். கடைசிப் படி செங்கல். எட்டாவதோடு படிப்பை விட்டவன், இதிலாவது உச்சி வரைக்கும் போயிருக்கிறேன்.

டாக்டர் மாத்திரை எழுதினார். "இது பாதி வேலைதான் செய்யும். மீதியை உங்க காலு செய்யணும். காலையில நடங்க. வேகமா."

8-2-71

நாங்கள் சமணர்கள். கிழங்கு தின்பதில்லை. பொழுது சாய்ந்தபின் சாப்பிடுவதில்லை. பிறகு எங்கிருந்து வந்தது இந்த வயிறு என்று காலையில் இருந்து யோசித்தேன். கல்லாவுக்குப் பக்கத்தில், கை எட்டும் இடத்தில் வெல்லத் தகரம்.

10-2-71

வீட்டில் சொன்னேன். மகள் பிராமி பயந்துவிட்டாள். பி.யு.சி. படிக்கிற பெண், சர்க்கரை வியாதிக்கு என்னென்ன கெடும் என்று தன் புத்தகத்திலிருந்து வாசித்துக் காட்டி என்னையும் பயமுறுத்தினாள்.

என் வீட்டுக்காரி திரிசலா "சரி" என்றாள்.

அவ்வளவுதான். போன ஆடியில் அவளுக்குக் கர்ப்பப்பையை எடுத்தார்கள். காயம் ஆறிவிட்டது, உடம்பு தேறிவிட்டது. ஆள் மட்டும் இன்னும் ஆஸ்பத்திரியிலிருந்து வீடு திரும்பவில்லை. சமைக்கிறாள், போடுகிறாள், ஜன்னல் பக்கம் போய் உட்காருகிறாள். தூக்கம் கிடையாது. கோயிலுக்கும் வருவதில்லை. இன்னா ஆச்சு என்று கேட்டால், ஒன்றுமில்லை என்கிறாள். உண்மையிலேயே ஒன்றுமில்லை போலத்தான் இருக்கிறது. அதுதான் பிடிபடவில்லை.

இன்று முசரவாக்கத்திலிருந்து அவள் அண்ணன் ஜினதாஸ் வந்திருந்தார். "மாப்ளே, தப்பா நெனைக்காதீங்க. சித்திரை கழியட்டும், இவளை நான் கூட்டினு போறேன். பட்டணத்துல ஒரு டாக்டர், தலையில கரெண்டு வெச்சி சரி பண்றாராம்."

அவள் அடுத்த அறையில் அரிசி புடைத்துக்கொண்டிருந்தாள். முறத்தின் சத்தம் நிற்கவே இல்லை. போகமாட்டேன் என்றாவது சொல்லியிருக்கலாம். போகிறேன் என்றாவது சொல்லியிருக்கலாம். அவள் போய்விட்டால் நான் — சரி, எழுதி என்ன ஆகப்போகிறது.

15-2-71

ஒரு வாரமாக நடக்கிறேன். வீட்டிலிருந்து வேகவதி ஆற்றைத் தாண்டித் திருப்பருத்திக்குன்றம் கோயில். சாமி கும்பிட்டுத் திரும்பல்.

முதல் சங்கடம்: எறும்பு. மிதித்துவிடாமல் பார்த்து நடந்தே பழகிய கால், வேகம் பிடிக்க மறுக்கிறது. இரண்டாவது சங்கடம்: மரியாதை. வழியில் எல்லோரும் கடை வாடிக்கைக்காரர்கள். "நைனாரே, நடந்தா போறீங்க? உடம்புக்கு இன்னா?" என்று உட்கார வைத்துக் காப்பி கொடுக்கிறார்கள். நோயாளி என்று தெரிந்ததால் இன்னொரு கரண்டி சர்க்கரை.

21-2-71, ஞாயிறு

மறுபடியும் செங்கல். அந்தோணி இந்தத் தடவை மெதுவாகத்தான் சொன்னான். பெஞ்சிலிருந்து ஒருவர், "கலர் மாறவே இல்லியேபா, சாயம் கெட்டி" என்றார்.

டாக்டரிடம் எறும்பையும் காப்பியையும் சொன்னேன். வயிறு குலுங்கச் சிரித்தார். (அவருக்கும் வயிறு உண்டு.) "எறும்பு பாத்துக்கினு போனா அது நடை இல்ல நைனாரே, தேடறது. தலை நிமிரணும், மூச்சு வாங்கணும். அப்பத்தான் கதவு திறக்கும்."

"எந்தக் கதவு?"

அவர் சொன்னதை என் கடை பாஷையில் எழுதி வைக்கிறேன். ரத்தம் ஒரு தெரு. சாப்பிட்டதெல்லாம் சர்க்கரை வண்டியாகத் தெருவில் வந்து நிற்கிறது. இருபக்கமும் வீடுகள், அவைதான் தசை. கதவைத் திறக்க இன்சுலின் என்று ஓர் ஆள் இருக்கிறான். எனக்கு அவன் சோம்பேறியாகிவிட்டான். தட்டினாலும் சில கதவு திறப்பதில்லை. வண்டிகள் தெருவிலேயே நின்று, வழிந்து, அந்தோணியின் குழாய் வரைக்கும் வந்துவிடுகின்றன. ஆனால் தசை வேலை செய்யும்போது, அந்த ஆள் இல்லாமலே கதவு உள்ளிருந்து திறந்துகொள்கிறதாம். வீட்டுக்காரனுக்கே பசி. உடம்பில் பெரிய வீடுகள் தொடையில் இருக்கின்றன, அதனால் நடை. எப்படித் திறக்கிறது என்று கேட்டேன். "அது தெரிஞ்சா எனக்கு மெடல் குடுப்பாங்க. இன்னும் ஆராய்ச்சி பண்ணிக்கினு இருக்காங்க" என்றார்.

எழுந்து வரும்போது திரிசலா பற்றிக் கேட்டேன். கரெண்டு விஷயமும் சொன்னேன். அவர் சிரிப்பை நிறுத்திவிட்டார்.

"சில பேருக்கு அது தேவைப்படுது. பேச்சில்ல தூக்கமில்லன்னு எடுத்த எடுப்புல அங்க போக வேணாம். திடுக்குன்னு ஒரு சத்தம் கேட்டா இதயம் அடிச்சிக்குது, இல்ல? உடம்பு ஓடறதுக்குத் தயாராவுது. கவலையில கெடக்கிறவங்களுக்கு உடம்பு நாள் முச்சூடும் அப்படித் தயாராவே நிக்குது, ஆனா ஓடறதே இல்ல. நடந்தா அது செலவாயிடும். தூக்கம் வரும், பசி வரும். மனசுக்குள்ள இன்னா நடக்குதுன்னு என் புத்தகத்துல சரியா போடல. ஆனா நடக்கிறவங்க தேறினதைப் பாத்திருக்கேன். கூட்டினு போய்ப் பாருங்க. அப்பவும் கேக்கலன்னா மேல யோசிப்போம். ஒண்ணு — அவங்களுக்காகன்னு சொல்லாதீங்க. வரமாட்டாங்க."

மூட்டை ஏற்றி, மாடு பூட்டி, கிளம்பாமலே நிற்கிற வண்டி. என் வீட்டு ஜன்னல் பக்கம்.

22-2-71

சொல்லாதே என்றதைச் சொன்னேன். "நீயும் வா, உனக்கும் நல்லது." வரவில்லை. எனக்கு யார் சொன்னாலும் ஒரு தரத்தில் ஏறாது.

24-2-71

இன்று ஒரு பொய் சொன்னேன்.

சாப்பிடும்போது, "சர்க்கரை கண்ணுக்கு வந்துடுச்சி போலக்குது. தூரத்துல இருக்கிறது தெரியுது, கிட்ட கீழ பாத்தா எல்லாம் மங்கல். டாக்டர் வேகமா நடக்கச் சொல்றாரு. எத்தனை எறும்பை மிதிச்சேனோ" என்றேன்.

பிராமி இருமினாள். நேற்று ராத்திரிதான் அவள் புத்தகத்தில் படத்துக்கு அடியில் இருந்த பொடி எழுத்தை நான் வாசித்தேன்.

திரிசலா எனக்கு மோர் ஊற்றினாள்.

கொல்லாமை எங்கள் விரதம். பொய் சொல்லாமையும் விரதம்தான். ஒன்றைக் காட்டி மற்றதை உடைத்துவிட்டேன். கணக்கு மேலே எப்படிப் போடுவார்களோ.

25-2-71

வெளிச்சம் வந்து புறப்படும்போது வாசலில் நின்றாள். புடவைத் தலைப்பை இழுத்துச் சொருகியிருந்தாள்.

"போலாம்" என்றாள்.

5-3-71

ஊரெல்லாம் தேர்தல், ஒலிபெருக்கி. எங்கள் ஊர்வலத்தில் இரண்டே பேர். நான் நிமிர்ந்து முன்னால் பார்க்கிறேன், அவள் குனிந்து கீழே பார்க்கிறாள். ஒரு வாரமாக அவள் பேசியது ஒரே சொல்: "எறும்பு." நான் விலகுவேன். மறுபடி கொஞ்ச தூரம். "எறும்பு."

காப்பிக்குக் கூப்பிடுகிறவர்கள் அவள் முகத்தைப் பார்த்துவிட்டு உள்ளே போய்விடுகிறார்கள். அந்த வகையில் சர்க்கரைக்கும் காவல்.

14-3-71, ஞாயிறு

ஆரஞ்சு. பெஞ்சில் தீர்ப்பு: "காவி."

வீட்டுக்கு வந்து, கெண்டைக்கால் வலிக்கிறது என்று சொன்னேன். பிராமி என் காலை அழுத்திக் காட்டி, "இதுதான்பா ரெண்டாவது இதயம். ஒவ்வொரு அடிக்கும் இது அமுங்கி, கீழ தங்கின ரத்தத்தை மேல தள்ளும்" என்றாள். இருக்கிற ஒரு இதயத்துக்கே வேகவதி மணல் ஏறும்போது மூச்சு வாங்குகிறது. தினம் வேலை கொடுத்தால் அதுவும் பலப்படுமாம். அப்புறம் ஓய்வில் குறைவாக அடித்தாலே போதுமாம். முதலாளியைப் போல.

திரிசலா கேட்டுக்கொண்டிருந்தாள். பிறகு யாரும் பார்க்கவில்லை என்று நினைத்துத் தன் கெண்டைக்காலைத் தொட்டுப் பார்த்தாள்.

2-4-71

காலையில் எழுந்தேன். திரிசலா தூங்கிக்கொண்டிருந்தாள்.

என்ன செய்வது என்று தெரியவில்லை. பால்காரனை வாசலுக்குப் போய்த் தடுத்தேன், சத்தம் போடுவான் என்று. வெயில் ஏறும்வரை எழுப்பவில்லை.

8-4-71

மகாவீர் ஜெயந்தி. கோயிலில் உறவுக்காரக் கூட்டம். ஒரு கிழவி — பெயர் எழுத விருப்பமில்லை — திரிசலாவின் கன்னத்தைத் தடவி, "அய்யோ, எப்படி இருந்த பொண்ணு! தலையில கரெண்டு வெச்சா சரியாப்பூடுமாமே" என்றாள், நாலு பேர் கேட்க.

திரும்பும் வழியில் ஒரு எறும்பும் சொல்லப்படவில்லை.

12-4-71

வரவில்லை. நேற்றும் வரவில்லை. அதற்கு முன்னாலும். மறுபடி ஜன்னல். ராத்திரி விழித்தே கிடக்கிறாள்.

டாக்டரிடம் ஓடினேன். "சாயம் ஒரே முக்குல ஏறிடுமா நைனாரே? விட்டுப் பிடிங்க" என்றார். அவருக்கும் தறிக்காரர் பாஷை ஒட்டிக்கொண்டுவிட்டது. எனக்குச் சிரிக்கத் தோன்றவில்லை. சித்திரை பிறக்க இரண்டு நாள். கழிய ஒரு மாதம். எல்லாம் வீணா?

13-4-71

நான் மட்டும் கிளம்பினேன். பின்னாலிருந்து குரல்:

"நேத்து மிதிச்சீங்களா?"

"தெரியலியே. தெரிஞ்சா ஏன் மிதிக்கிறேன்?"

பெருமூச்சு விட்டாள். "நில்லுங்க. கதவைச் சாத்திட்டு வரேன்."

27-4-71

இன்று "எறும்பு" தவிர வேறு பேச்சும் வந்தது. "அந்த வீட்டுக்குப் புதுசா சுண்ணாம்பு அடிச்சிக்கிறாங்க." பதில் சொன்னால் எங்கே நின்றுவிடுமோ என்று "ம்" மட்டும் போட்டேன். நடையில் எனக்கு முன்னே போகிறாள். நான் மூச்சு வாங்குவது எனக்கே கேட்கிறது.

2-5-71, ஞாயிறு

பச்சை! கிளிப்பச்சையா இலைப்பச்சையா என்று பெஞ்சில் சண்டை. அம்சவேணி, "மயில்கழுத்து நீலம் ஆவட்டும் நைனாரே, ஜரிகை நான் போடறேன்" என்றாள். டாக்டர் மாத்திரையைப் பாதியாக்கினார். "நடையை நிறுத்தினா ரெண்டே நாள்ல கதவு மறுபடி சாத்திக்கும்" என்று எச்சரித்தும் அனுப்பினார். வெல்லத் தகரத்தைக் கடையின் அந்தக் கோடிக்குத் தள்ளிவிட்டேன். வேண்டுமென்றால் எழுந்து போகவேண்டும். அதுவும் நடைதானே.

9-5-71

முட்டாள்தனம். கடையில் துவரம்பருப்பை முறத்தில் பரப்பிக் கல் பொறுக்கிக்கொண்டிருந்தேன். கடுகளவு கல். ஒன்று, இன்னொன்று, நகத்தால் எடுத்து ஓரமாக வைத்துக்கொண்டே இருந்தேன். நிமிர்ந்தால் திரிசலா, மோர்ச் செம்போடு நிற்கிறாள். எவ்வளவு நேரமாகவோ.

கல்லைப் பார்த்தாள். என்னைப் பார்த்தாள். செம்பை வைத்துவிட்டுப் போய்விட்டாள்.

போச்சு. நாளைக்கு வரப்போவதில்லை.

10-5-71

வந்தாள். வேகவதிக் கரையில், "எறும்பு" என்றாள். விலகினேன். அங்கே எறும்பு ஒன்றுகூட இல்லை.

16-5-71, ஞாயிறு

சித்திரை கழிந்தது, ஜினதாஸ் வந்துவிட்டார். வாக்குத் தவறாத மனிதர்.

"துணிமணி எடுத்து வெச்சிக்கம்மா. சாயங்கால பஸ்ஸுக்குப் போய்டலாம்."

நான் போய் அவருக்குத் தண்ணீர் கொண்டுவந்தேன். கடையில் அரை வீசை புளிக்கு ஆயிரம் பேச்சுப் பேசுகிறவன்.

சமையலறையிலிருந்து திரிசலா வந்தாள், கையெல்லாம் மாவு. "நான் வந்துட்டா இவருக்கு யாருண்ணா எறும்பு பாக்கறது?"

"எறும்பா?"

"கிட்டப் பார்வை போன மனுஷன். நடுவுல கொஞ்ச நாள் நான் போகல, எத்தனை உயிரை மிதிச்சாரோ. நான் எங்கியும் வரல. இரு, சாப்ட்டுட்டுப் போவ."

ஜினதாஸ் அவளையே பார்த்துக்கொண்டிருந்தார். இத்தனை வார்த்தையை அவள் வாயிலிருந்து அவர் கேட்டு ஒரு வருஷம் இருக்கும். பிறகு என் பக்கம் திரும்பி, "இன்னா மாப்ளே, கண்ணு அவ்ளோ மோசமா?" என்றார்.

"மோசந்தான் மச்சான்."

பிராமிக்கு மறுபடி இருமல்.

17-5-71

காலையில் வானம் மூட்டம். திரிசலா எனக்கு ஓரடி முன்னால், தலை நிமிர்ந்து, கையை வீசிக்கொண்டு, பேசிக்கொண்டே போனாள். நேற்று அண்ணன் விழித்த விழி. பிராமியை பி.எஸ்ஸி. சேர்க்கவேண்டும், மளிகைக் கடைக்காரன் மகள் என்றால் படிக்கக் கூடாதா. அண்ணன் மோரை மேல்துண்டில் ஊற்றிக்கொண்டது — அங்கே நின்று சிரித்தாள். கீழே ஒரு தரமும் பார்க்கவில்லை.

மணல் இறக்கத்தில் பாதைக்குக் குறுக்கே ஒரு எறும்புச் சாரை, மழைக்கு இடம் மாறுகிறது. அவள் அடுத்த அடி அதன் மேல்தான் விழும். முழங்கையைப் பிடித்துப் பக்கத்தில் திருப்பினேன்.

"இன்னாங்க?"

"ஒண்ணுமில்ல. நீ சொல்லு."

சொல்லிக்கொண்டே நடந்தாள். ஒவ்வொரு எறும்பின் வாயிலும் இருந்த வெள்ளை முட்டைகூட எனக்குத் தெரிந்தது. அதை மட்டும் சொல்லவில்லை.