புளிக்காத மாவு

ஏனுங்க மாமா,

நீங்களும் பாப்பாவும் சௌக்கியமுங்களா? நான் நல்லாத்தான் இருக்கறேன். இங்கத்த பண்டிகைக்கு ஊடு பூராத் தொடைச்சதுல கால்தான் வீங்கிக் கெடக்குது.

நான் பாத்துக்கற ரஹேலம்மா, கொச்சியில பொறந்து சின்ன வயசுலயே இஸ்ரேலுக்குக் கப்பலேறுன யூதப் பெரியம்மா. பண்டிகைக்கு ரொட்டி மட்டுந்தான் ஆகாதுன்னு நெனைச்சு, தோசைக்கு மாவரைச்சு வெச்சுட்டேன். அது பொங்கி வழிய, அவங்க மக மொத்தத்தையும் கொட்டிட்டாங்க. வெசனப்படாதீங்க, யாரும் வையலை.

"அந்தக் காலத்துல எகிப்துல அடிமையாக் கெடந்த எங்காளுக தப்பிச்சுக் கெளம்புன அவசரத்துல, மாவு புளிக்கக்கூட நேரமில்லை. அதான் இந்த வாரம் புளிச்ச மாவு ஊட்டுல வெக்கறதில்லை"ன்னு ரஹேலம்மா, நம்ம சித்தூர்ல பேசற மாதிரியே மலையாளத்துல சொன்னாங்க.

சித்தூர்ல இருந்து யாராச்சும் இங்க வந்தா, கால் தைலம் குடுத்து உடுங்க. ரஹேலம்மா கூப்பிடறாங்க, போகோணும்.

நான் கெளம்புன அன்னைக்கு அரைச்சு வெச்ச மாவுல, பாப்பாவுக்கு யாருங்க தோசை சுட்டது?

யோகப்பிரியா