அக்கரைப் பக்கம் தள்ளி நிற்கும் தூண்

அன்பு மகளுக்கு அம்மா எழுதுவது. இங்கே நாங்கள் மூவரும் வேளைக்குச் சாப்பிட்டு, உடம்புக்கு ஒன்றுமில்லாமல் இருக்கிறோம், நீயும் அப்படியே இருப்பாய் என்று நினைத்துக்கொண்டுதான் பேனாவை எடுத்தேன். என் பல்வலி போய்விட்டது, பல்லும் போய்விட்டது.

ஆற்றுப் பாலம் திறந்தாயிற்று. நீ கிளம்பும்போது அப்பா வரைந்துகொண்டிருந்தாரே, நட்டநடுவில் ஒரு தூண், இரண்டு பக்கமும் அச்சில் வார்த்தாற்போல இரண்டு வளைவு, அது வரவில்லை. ஆற்று மண்ணைத் துளைத்துப் பார்த்த உன் தம்பி, நடுவில் எவ்வளவு ஆழம் போனாலும் சேறு, அக்கரையை ஒட்டித்தான் பாறை என்றான். ஒரே அலுவலகம், இவர் வரைவார், அவன் கணக்குப் போட்டுக் கையெழுத்திட வேண்டும். "ரெண்டு பக்கமும் ஒண்ணு போல இருந்தாதான்டா பாக்குறவன் கண்ணு நடுவுல போய் நிக்கும்" என்று இவர் கத்த, "கண்ணு நிக்கும்ப்பா, தூண் நிக்காது" என்று அவன் சொல்ல, அன்றோடு பேச்சு நின்றது. சாப்பாட்டு மேசையில் உப்பு இருவருக்கும் நடுவில் இருக்கும், "அவனத் தள்ளச் சொல்லு" என்பார் என்னிடம். மேலதிகாரி வேறு ஆளிடம் கையெழுத்து வாங்கித் தருகிறேன் என்றாராம். அப்பா வேண்டாம் என்றுவிட்டார். ஏன் என்று நான் கேட்கவில்லை. தாளை மாற்றிக்கொண்டு தூணைத் தள்ளி வரைந்தார், ஒரு வளைவு பெரிது, ஒன்று சிறிது.

திறப்பன்று காலை, நம் தெரு தையற்காரி "என்னக்கா, துணி பத்தாம தைச்ச சட்டை மாதிரி இருக்கு" என்றாள். அப்பா முகம் சுண்டிப்போயிற்று. தம்பி அவர் கையைப் பிடித்துக் கரையில் இறக்கினான், நானும் பின்னாலேயே போனேன். காற்றில்லை, தண்ணீர் அசையவில்லை. பெரிய வளைவும் தண்ணீரில் விழுந்த அதன் நிழலும் சேர்ந்து முழு வட்டமாகத் தெரிந்தன, பக்கத்தில் சின்னதும் அப்படியே. அப்பா வெகுநேரம் பார்த்துவிட்டு, "இடம் வலம் போச்சு, மேல் கீழ் சரியா வந்துடுச்சுடா" என்றார் அவனிடமே. "அது என் கணக்குல இல்லப்பா" என்றான் அவன். அவர் சிரித்தார்.

இப்போது அடுத்த பாலத்துக்குச் சண்டை தொடங்கிவிட்டது, என் வழியாக அல்ல, நேருக்கு நேர். காதுதான் வலிக்கிறது.

ஈரத்தலையோடு வெளியே போகாதே. நீண்ட ஆயுளும் நல்ல தூக்கமும் உனக்குக் கிடைக்கட்டும். ஞாயிற்றுக்கிழமை போன் செய்யும்போது அப்பாவிடம் பாலம் அழகு என்று சொல், தம்பியிடமும் அதையே சொல்.

இப்படிக்கு,
உன் அம்மா