உப்புச் சிந்திய மேடை

அன்புள்ள அம்மாவுக்கு,

உங்கள் முழங்கால் வலி குறைந்ததா? நான் சுகம். குளிருக்குக் காலில் போட இரண்டு சோடி மேசு அனுப்புங்கள். இந்தக் கடிதத்தை அப்பாவுக்குக் காட்டவேண்டாம்; கூட்டுகிற வேலை என்றால் கவலைப்படுவார்.

மெல்பேர்னில் ஜப்பானியரின் சுமோ மல்யுத்தப் போட்டி நடக்கிறது. அங்கே வேலை செய்யும் கிரிஜா அன்ரி கேட்டுத்தான் அரங்கைக் கூட்டும் வேலை எனக்குக் கிடைத்தது. மண்மேடையில் முதலில் கண்ணில் பட்டது உப்பு. மல்லர்கள் மோதுமுன் மேடையின் தீட்டுக் கழிய அள்ளி வீசியது. உப்பை மிதிக்கக்கூடாது என்பீர்களே. யாரும் மிதிக்குமுன் கூட்டிவிட நினைத்து, செருப்பைக் கழற்றிவிட்டு மேடையில் ஏறினேன்.

“இறங்கு பிள்ளை! பொம்பிளையள் அதில ஏறக்கூடாதாம்!” என்று அன்ரி கத்தினார்.

மலைபோன்ற மல்லர் ஒருவர் வந்தார். ஏசவில்லை. என் கால் பட்ட இடமெல்லாம் புது உப்புத் தூவினார். அன்ரி எனக்காகத் தலைகுனிந்து மன்னிப்புக் கேட்டு, “சொறி, சொறி” என்றார்.

இறங்கி, கீழே சிந்திக் கிடந்த உப்பைக் கையால் அள்ளினேன்.

உங்கள் மகள்,
சுகந்தி