பார்த்தால்தான் மாசம்

இன்று காலை கராஜில் செருப்பு ஸ்டாண்டை ஒழித்துக்கொண்டிருந்தபோது, அதன் பின்னால் விழுந்து கிடந்தது உன் மஞ்சள் ஷூ ஹார்ன். முழங்காலை மடக்க முடியவில்லை, குனியாமலே ஷூவுக்குள் காலை நுழைக்க வேண்டும் என்று ஒரு முழ நீளத்துக்கு இந்தக் கரண்டியை வாங்கி எங்கள் வீட்டிலேயே மாட்டிவைத்தாயே, அதுதான். தூசி தட்டி அதே ஆணியில் மாட்டினேன். "இனிமே இதை யார் எடுக்கப்போறா?" என்று கேட்டார் என் கணவர். "இருந்துட்டுப் போகட்டுமே, உங்களை என்ன பண்றது?" என்று எரிந்து விழுந்தேன்.

ஆங்கிலத்தில் இருபது வருஷமாக உனக்கு நான் 'யூ', எனக்கு நீ 'யூ'. தமிழில் எழுத உட்கார்ந்த பிறகுதான் நீயா, நீங்களா என்ற வம்பு வந்தது. என்னைவிட ஆறு வயது மூத்தவள் நீ. ஆனால் கேட்காமல் என் சமையலறை டப்பாவைத் திறந்து சீடையை அள்ளிக்கொண்டவளுக்கு என்ன நீங்கள் வேண்டியிருக்கிறது? நீதான்.

கலிபோர்னியாவில், சான் ரமோனில் எங்கள் வீட்டுக்கு முதல் முறை வந்த அன்று, நான் வாயைத் திறக்குமுன் வாசலிலேயே ஷூவைக் கழற்றிவிட்டாய். "எங்க பிரார்த்தனைக் கூடத்துலயும் வெறுங்கால்தான். தரையில நெத்தி படக் கும்பிடுவோம்" என்றாய். நீ யூதப் பெண் என்று ஆபீஸிலேயே எனக்குத் தெரியும். அதை நம்பித்தான் அதற்கு முந்தைய டிசம்பரில் யூதர்களின் ஹனுக்கா பண்டிகைக்கு வாழ்த்து அட்டை கொடுத்து, "இது எங்க பண்டிகை இல்லையே" என்று உன்னிடம் வாங்கிக்கட்டிக்கொண்டிருந்தேன். அப்படியானால் நீங்கள் யார் என்று கேட்டதற்கு, கராய்ட் என்றாய். என் காதில் கராத்தே என்று விழுந்தது. "இந்த முழங்காலை வெச்சிண்டா?" என்று கேட்டுவிட்டேன். நீ சிரித்த சிரிப்பில் கையிலிருந்த காப்பி கார்ப்பெட்டில் கொட்டியது. அந்தக் கறை இன்னும் இருக்கிறது.

பிறகு நீ விளக்கிச் சொன்னாய். யூத வேதத்தில் எழுதியிருப்பது மட்டும்தான் சட்டம் என்று நின்றவர்கள் உன் ஆட்கள். வாய்வழியாக வந்த விளக்கமும் சட்டம்தான் என்றவர்கள் மற்ற யூதர்கள். ஆயிரம் வருஷத்துக்கும் மேலாக நடக்கும் சண்டை. ஹனுக்கா வேதத்தில் இல்லாததால் உனக்கு அது கிடையாது. மற்றவர்களுக்கு மாதம் பிறப்பது கணக்குப் போட்ட காலண்டரில். உனக்கு வானத்தில் பிறையைப் பார்த்தால்தான் மாதம். உங்களில் ஒருவர் அவர்களில் ஒருவரைக் கல்யாணம் செய்துகொள்வதை இரண்டு பக்கத்துப் பெரியவர்களும் தடுத்திருக்கிறார்கள். ஆறு வயதில் நீ விட்டு வந்த கெய்ரோவில் உன் ஆட்கள் வாழ்ந்த ஒரு தெருவாவது இருந்தது. இங்கே யூதர்களுக்கு நடுவிலேயே நீ வெளியாள்.

நாம் இரண்டு பேரும் சாஃப்ட்வேர் டெஸ்டிங் டீம். கண்ணால் பார்க்காமல் எதற்கும் 'பாஸ்' போடமாட்டாய், டெவலப்பர்கள் உன்னைக் கண்டால் நடுங்குவார்கள். அந்தப் பிடிவாதத்துக்கு ஆயிரம் வருஷ வேர் இருப்பது எனக்கு அன்றுதான் புரிந்தது.

மேற்கே மலை மறைக்குமென்று ஆபீஸ் பார்க்கிங் கட்டடத்தின் மேல்தளத்துக்கு மாதாமாதம் என்னை இழுத்துக்கொண்டு போவாய். மூன்றாம் பிறை பார்த்தால் நல்லது என்று நானும் வருவேன். பிறைக்கு இரண்டு சாட்சி வேண்டுமாம். "நான் யூதச்சியே இல்லையே, நான் சாட்சி சொன்னா செல்லுமா?" என்று கேட்டேன். "எங்களையே செல்லாதுன்னு சொல்றவங்க இருக்காங்க. உன்னைச் செல்லாதுன்னு சொல்ல நான் யாரு?" என்றாய்.

இப்படிப்பட்ட வாயாடி நீ ஒரு நாள் வாயடைத்துப் போனாய். உன் மகன், லியா என்ற பெண்ணைக் கல்யாணம் செய்துகொள்ளப் போவதாகச் சொன்ன நாள். லியா வீட்டார் அந்தப் பக்கத்து யூதர்கள். கல்யாணம் முடியும்வரை கராய்ட் என்ற சொல்லே வேண்டாம் என்று உன் மகன் உன்னைக் கெஞ்சியிருக்கிறான். உனக்கு இருப்பது ஒரே பிள்ளை. சரி என்று விட்டாய். என்னிடம் அதை நீ சொல்லவே இல்லை.

இரண்டு குடும்பமும் முதலில் சந்திக்க எங்கள் வீட்டைக் கேட்டாய். மாமிசம் நுழையாத சமையலறை, யாருக்கும் சாப்பாட்டுச் சங்கடம் வராது. நான் தலைகால் புரியாமல் புளியோதரை, வடை, பாயசம் என்று இறங்கினேன். லியாவின் அப்பா வடையை நாலாவது தடவை எடுத்துக்கொண்டே, "வர்ற திங்கக்கிழமை சாயங்காலம் எங்க புதுவருஷம் ஆரம்பம். எல்லாரும் வீட்டுக்கு வாங்க" என்றார்.

நான் சும்மா இருந்திருக்கலாம். "அது உங்களுக்கு. இவளுக்குப் பிறை தெரிஞ்சால்தான் வருஷம். செவ்வாயோ, புதனோ! நாங்க ரெண்டு பேரும்தான் போய்ப் பார்ப்போம்" என்று பெருமையாகச் சொல்லிவைத்தேன்.

கரண்டிச் சத்தம் நின்றது. உன் மகன் தட்டைப் பார்த்தான். "வாயை வெச்சிண்டு சும்மா இருக்க மாட்டியா?" என்று என் கணவர் தமிழில் முணுமுணுத்தார். என்ன தப்பு செய்தேன் என்று எனக்குப் புரியவில்லை. என் பிறந்த வீட்டில் கோகுலாஷ்டமி ஒரு நாள், புகுந்த வீட்டு ஐயங்கார்களுக்கு ஸ்ரீஜயந்தி இன்னொரு நாள். ஒரே கிருஷ்ணன் எங்கள் வீட்டில் அநேகமாக வருஷத்துக்கு இரண்டு தடவை பிறப்பான். தேதி இரண்டாக இருப்பது எனக்கு ஒரு விஷயமாகவே தோன்றவில்லை.

லியாவின் அப்பா உன்னைப் பார்த்தார். "நீங்க கராய்ட்டா?"

நீ மகனைப் பார்த்தாய். பிறகு நிமிர்ந்து உட்கார்ந்தாய். "ஆமா. என் பையன் சொல்ல வேண்டாம்னான். அவன் பயந்தது நியாயம்தான். ஆனா கேட்டப்புறம் பொய் சொல்ல எனக்கு வராது. எங்களைத் தப்புன்னு நீங்க சொல்றீங்க, உங்களைத் தப்புன்னு நாங்க சொல்றோம். ரெண்டு பேரும் ஒரே புஸ்தகத்தைக் கெட்டியாப் பிடிச்சிக்கிட்டுத்தான் சண்டை போடறோம்."

அவர் வடைத் தட்டைத் தள்ளிவைத்தார். "எங்க தாத்தா இருந்திருந்தா இப்ப எழுந்து போயிருப்பார்" என்றார். ஒரு கல்யாணத்தையே கெடுத்துவிட்டேனே என்று படபடப்பில் கோகுலாஷ்டமிக் கதையை உளறிக்கொட்டினேன். கல்யாணமான புதிதில் அம்மாவும் மாமியாரும் தேதிக்காக மோதியதையும் சேர்த்துச் சொன்னேன். அவர் கவனமாகக் கேட்டார்.

"கடைசியில எப்படித் தீர்ந்தது?"

"தீரலை. ரெண்டு தடவை சீடை கிடைக்கிறது."

அவர் வயிறு குலுங்கச் சிரித்தார். வடைத் தட்டை மறுபடி தன் பக்கம் இழுத்துக்கொண்டார். எழுந்து போகமாட்டார் என்று அப்போது தெரிந்தது. லியா உன் பக்கம் நாற்காலியைத் திருப்பி, பிறையை எங்கே நின்று பார்ப்பீர்கள் என்று கேட்டாள். அந்தப் புதன்கிழமை மேல்தளத்தில் நாம் மூன்று பேர். அதற்கு முன்பு திங்களன்று அவர்கள் வீட்டிலும் புதுவருஷ வழக்கப்படி தேனில் ஆப்பிள் தோய்த்துச் சாப்பிட்டோம். நான்தான் அதிகம் சாப்பிட்டேன்.

அன்று வீட்டுக்குத் திரும்பும்போது காரில் என்னிடம் சொன்னாய்: "உன் வாய் இல்லேன்னா நான் யாருன்னு மறைச்சிக்கிட்டு என் பையன் கல்யாணத்துக்கு விருந்தாளியாத்தான் போயிருப்பேன்." அதற்குப் பிறகு யாராவது என்னை ஓட்டைவாய் என்றால் எனக்குக் கோபம் வருவதில்லை.

போன குளிர்காலத்தில் நீ கண்ணை மூடினாய். அடுத்த பிறைக்கு எனக்குப் போக மனசில்லை. ஒரு சாட்சியை வைத்துக்கொண்டு என்ன மாசம் என்று சோபாவில் சாய்ந்திருந்தேன். லியா காரைக் கொண்டுவந்து நிறுத்தி ஹார்ன் அடித்தாள். அன்றிலிருந்து மாதம் தவறியதில்லை.

இன்றைக்கும் வந்தாள். மேல்தளத்தில் குளிர்காற்று. நான் மலைக்கு மேலே தேடிக்கொண்டிருக்க, "ஆன்ட்டி, அதோ!" என்று அவள்தான் முதலில் கண்டுபிடித்தாள். கீறல் மாதிரி இருந்தது. உன் ஆட்களின் கணக்கில் அவளும் வெளியாள், நானும் வெளியாள். உன் மகனுக்கு மெசேஜ் போட்டோம்: பார்த்தாச்சு, இரண்டு சாட்சி.

எங்கள் வீட்டில் தோசை சாப்பிட்டுவிட்டுக் கிளம்பும்போது லியா கராஜ் வாசலில் திணறினாள். குனிய முடியவில்லை. சொல்ல மறந்துவிட்டேனே, அவள் மாசமாக இருக்கிறாள். ஏழு மாசம். தமிழில் கர்ப்பத்துக்கும் மாசம் என்றுதான் பெயர் என்று சொன்னபோது அப்படிச் சிரித்தாள். ஏழு பிறையையும் அவள் கண்ணால் பார்த்திருக்கிறாள், உனக்குக் குறை ஒன்றுமில்லை.

ஆணியிலிருந்து மஞ்சள் ஷூ ஹார்னை எடுத்துக் கொடுத்தேன். அவள் நின்றபடியே ஷூவுக்குள் காலை நுழைத்துக்கொண்டாள். காலையில் "யார் எடுக்கப்போறா?" என்று கேட்ட என் கணவரை நான் திரும்பிப் பார்த்தேன்.